வலப்பக்கத்தால் போன பந்துகள்

எங்கள் அலுவலகத்துக்குப் பெயர்ப்பலகை கிடையாது. கிளிநொச்சி நகரில், கண்டி வீதியோரம், ஓர் இரும்புக் கடைக்கு மேலேயிருக்கும் மாடி அது. கீழே நாள் முழுக்கக் கம்பியும் சீமெந்தும் ஏற்றி இறக்குவார்கள். மேலே கணினிகள், ஒரு குளிரூட்டி, எந்நேரமும் இழுத்து மூடிய திரைச்சீலைகள். நான் வேலைக்குச் சேர்ந்த முதல் கிழமையே அந்தத் திரைச்சீலைகளைப் பற்றிய கதை எங்கள் ஊரான அக்கராயனில் வீட்டு ஒழுங்கை வரைக்கும் வந்துவிட்டது. உள்ளே என்ன செய்கிறார்கள், ஏன் மூடி வைத்திருக்கிறார்கள், யாருக்காக?

என் கணவர் வயல் செய்கிறவர். குளத்தில் எத்தனை அடி தண்ணீர் நிற்கிறது என்று அதிகாரி சொன்னாலும், தானே ஒருமுறை போய்ப் பார்க்காமல் நம்பமாட்டார். அவரும் கேட்டார்.

"பலகை இல்லாத கந்தோரில என்ன வேலை நடக்கும்? அவங்கள் ஆர் எண்டு விசாரிச்சனீரோ?"

"ஓம். வெளிநாட்டுக் கொம்பனியாம்."

"எந்த வெளிநாடு?"

அது எனக்கும் தெரியாது. ஆங்கிலத்தில் எழுதிய ஒப்பந்தத்தை வாசித்தேன், பாதிதான் விளங்கியது. இரகசியம் என்ற சொல் மட்டும் பக்கத்துக்கு இரண்டு தரம் வந்தது. எங்கள் பக்கத்துச் சனம் போர் முடிந்த காலத்தில் நிறையப் படிவங்கள் நிரப்பியவர்கள். குடும்ப விபரம், இருந்த இடங்கள், வந்த பாதை என்று எழுதிக் கொடுத்த தாள்கள் எங்கே போய்ச் சேர்ந்தன என்று ஒருவருக்கும் தெரியாது. அதனால் யாராவது தாளை நீட்டினால் நாங்கள் முதலில் தாளைப் பார்ப்பதில்லை, நீட்டுகிறவரின் முகத்தைத்தான் பார்ப்போம். எனக்குத் தாளை நீட்டியவர் வவுனியாவிலிருந்து தினமும் பஸ்ஸில் வந்துபோகும் ஓர் அக்கா. எங்களுக்கெல்லாம் மேற்பார்வை அவர்தான். களைத்த முகம். பொய் சொல்லக்கூடத் தெம்பில்லாத முகம் என்று நினைத்துக் கையெழுத்துப் போட்டேன்.

வேலை இதுதான். தூர தேசங்களில் நடந்த கூடைப்பந்து ஆட்டங்களின் பதிவுகள் வரும். நாங்கள் அவற்றைப் பார்த்து, ஆடுகிறவர் செய்யும் ஒவ்வொன்றுக்கும் ஒரு விசையை அழுத்த வேண்டும். பந்தைப் பிடித்தால் ஒன்று, கொடுத்தால் ஒன்று, எறிந்து விழுந்தால் ஒன்று, விழாவிட்டால் இன்னொன்று. கணினிக்குப் பார்க்கப் பழக்குகிறோமாம். பள்ளிக்கூடத்தில் வலைப்பந்து ஆடியவள் என்பதால் பந்தும் வளையமும் எனக்குப் புதிதில்லை.

மூன்றாம் மாதம் அக்கா என்னைக் கூப்பிட்டு வேறொரு வேலை தந்தார். "இனி உமக்கு ஒரே ஓர் ஆள்தான். லித்துவேனியாக்காரர். இப்ப ஆடுற ஆட்டங்கள் திங்கட்கிழமையில வரும். மற்ற நாட்களில பழைய ஆட்டங்கள். இந்த வரியத்தில இருந்து பின்னாலே போய், அவர் ஆடத் தொடங்கின காலம் வரைக்கும் பாக்க வேணும்."

"ஏனக்கா அவரை மட்டும்?"

"வயது போகப் போக ஒரே ஆளைக் கணினி அடையாளம் பிடிக்குதோ எண்டு பாக்கினமாம். எனக்கு உவ்வளவுதான் சொன்னவை."

எனக்கு அந்த விளக்கம் செரிக்கவில்லை. ஒரு மனிதனை மட்டும் இத்தனை வருடங்களுக்குப் பின்தொடர்ந்து, அவன் எங்கே நின்றான், எப்போது திரும்பினான், யாருக்குக் கொடுத்தான் என்று குறித்து வைப்பதற்கு எங்கள் ஊரில் ஒரே ஓர் அர்த்தம்தான் உண்டு. அவர் என்ன செய்துவிட்டார் என்று இவர்கள் பார்க்கிறார்கள்? அந்தக் கேள்வியோடுதான் முதல் பதிவைத் திறந்தேன்.

அவருடைய சட்டையில் பதினொன்று என்று இருந்தது. நான் அவரைப் பதினொன்று என்றே சொல்லி வந்தேன். முப்பத்தைந்து தாண்டியிருக்கும். மொட்டைத் தலை, செம்பட்டைத் தாடி, எங்கள் வீட்டு நிலையில் நிச்சயமாக நெற்றியை இடித்துக்கொள்ளும் உயரம். ஏதோ ஒரு சிறிய ஊரின் அணிக்கு ஆடிக்கொண்டிருந்தார். மண்டபத்தில் சனம் தடித்த மேலங்கியோடு இருக்கும். அவர் எறிதல்காரர். வளையத்துக்கு முன்னே தரையில் வளைந்து ஒரு கோடு இருக்கிறது. அதற்கு வெளியே நின்று எறிந்து விழுந்தால் மூன்று புள்ளி. அதுதான் அவருடைய பிழைப்பு. ஓடித் திரியாமல் மூலையில் போய் நின்று, பந்து வருமட்டும் பொறுத்திருப்பார். வந்ததும் எறிவார். எறிந்த பிறகு விழுந்ததா இல்லையா என்று பார்க்காமலே திரும்பி ஓடத் தொடங்கிவிடுவார். அந்தத் திமிர் எனக்குப் பிடித்திருந்தது என்பதை இப்போது ஒத்துக்கொள்ளலாம்.

வீட்டில் இரவுச் சாப்பாட்டுக்கு இருக்கும்போது வாய் தவறி வரும். "இண்டைக்குப் பதினொண்டு நல்லா விழுந்து போனார், பாவம்." "இண்டைக்குப் பதினொண்டு சிரிச்சவர்."

கணவர் ஒருநாள் புட்டைப் பிசைவதை நிறுத்திவிட்டார். "ஆர் உந்தப் பதினொண்டு?"

"நான் பாக்கிற ஆள்."

"நீர் பாக்கிற ஆளோ?"

சொன்ன பிறகுதான் அது எப்படிக் கேட்கும் என்று எனக்கு உறைத்தது. அடுத்த வாரம் உழவு இயந்திரத்துக்குப் பட்டி வாங்க நகருக்கு வந்தவர், நேரே மாடியேறி வந்து வாசலில் நின்றார். அக்கா சிரித்துக்கொண்டே ஒப்பந்தத்தை மறந்து ஒரு நிமிடம் உள்ளே விட்டார். திரையில் மொட்டைத் தலையும் வியர்வையுமாகப் பதினொன்று தரையிலிருந்து எழும்பிக்கொண்டிருந்தார். "இந்த மனுசனோ?" என்று கணவர் கேட்டுவிட்டு, ஆறுதலாகவும் கொஞ்சம் ஏமாற்றமாகவும் இறங்கிப் போனார்.

அதே காலத்தில் வீட்டில் எனக்கு இன்னொரு சந்தேகம் வளர்ந்துகொண்டிருந்தது. கணவரின் தாயார், என் மாமி, எங்களோடுதான் இருந்தார். நான் வேலைக்குப் போவது அவருக்கு விருப்பமில்லையோ என்று தொடக்கத்திலிருந்தே எனக்கு ஓர் எண்ணம். அவர் ஒருநாளும் வாய்விட்டுச் சொன்னதில்லை. ஆனால் காலையில் அவசரத்தில் தேநீரை அவர் பக்கம் நீட்டினால் வாங்கமாட்டார். என் கை அந்தரத்தில் நிற்கும். சில நாள் நான் சிரித்துக்கொண்டு கடந்து போவேன், அவர் முகத்தில் ஓர் அசைவும் இராது. நான் கோப்பையை அவர் உட்கார்ந்திருக்கும் கதிரையின் கையில் டக்கென்று வைத்துவிட்டுப் பஸ்ஸுக்கு ஓடுவேன். வழி முழுக்க அதே நினைப்பு: வேணுமெண்டுதான் செய்யிறா.

பதினொன்றின் மீது சந்தேகம் வந்தது ஒரு திங்கட்கிழமை. அவருடைய அணி ஒரே ஒரு புள்ளி முன்னால் நின்றது, ஆட்டம் முடியும் தறுவாய். ஒருவன் அவருக்குப் பந்தைக் கொடுத்தான். நல்ல நேரான பந்து. அவர் கையையே தூக்கவில்லை. பந்து அவரைத் தாண்டிப் போய் ஆட்களுக்குள் விழுந்தது. அடுத்த முறை எதிரணிக்காரன் அவருக்குப் பக்கத்தாலேயே ஓடிப்போய்ப் பந்தைப் போட்டான். அவர் தூண் மாதிரி நின்றார். அவர்கள் தோற்றார்கள்.

நான் அந்த இடத்தைத் திரும்பத் திரும்ப ஓடவிட்டதைப் பக்கத்துக் கதிரைக்காரர் பார்த்துவிட்டார். புதுக்குடியிருப்பைச் சேர்ந்தவர், முன்பு ரியூசனில் கணக்குப் படிப்பித்தவர், கிரிக்கெட் பைத்தியம்.

"தங்கச்சி, உது காசு வாங்கிப்போட்டு விடுற விளையாட்டு," என்றார். "கிரிக்கெட்டில நாங்கள் காணாததே? வயது போன ஆள், கடைசி வரியங்கள். இப்ப உழைச்சாத்தான் உண்டு."

அந்தச் சொல் எனக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. அதன்பிறகு நான் அவரைப் பார்த்த பார்வையே மாறிவிட்டது. எறிந்துவிட்டுத் திரும்பிப் பாராமல் ஓடியது திமிர் அல்ல, அக்கறையின்மை என்று பட்டது. சக ஆட்டக்காரன் தோளில் தட்டும்போது திடுக்கிடுவது குற்றமுள்ள மனசு என்று பட்டது. பழைய ஆட்டங்கள் சந்தேகத்தை இன்னும் கூட்டின. மூன்று வருடங்களுக்கு முன் அவர் போலந்தில் ஆடினார், அதற்கு முன் துருக்கியில், அதற்கும் முன் தன் நாட்டின் பெரிய கழகமொன்றில். பின்னாலே போகப் போக அவருடைய வயிறு உள்ளே போனது, தலையில் மயிர் முளைத்தது, கால்கள் பறந்தன. துருக்கியில் இரண்டு மூலைகளிலிருந்தும் எறிந்தார். எந்தப் பக்கத்தால் பந்து வந்தாலும் பிடித்தார். ஓர் ஆட்டத்தில் பின்னால் வந்த பந்தைத் திரும்பாமலே ஒற்றைக் கையால் எடுத்தார். இவ்வளவு தெரிந்தவருக்கு இப்போது கைக்கு வரும் பந்தைப் பிடிக்கத் தெரியாதா? தெரியும். பிடிக்க விருப்பமில்லை.

ஒவ்வொரு பதிவின் முடிவிலும் கருத்து எழுத ஒரு பெட்டி உண்டு. யாரும் எழுதுவதில்லை. 'வேண்டுமென்றே' என்பதற்கான ஆங்கிலச் சொல்லின் எழுத்துகளைப் போனில் சரிபார்த்து, ஒரே வரி எழுதினேன்: பதினொன்று வேண்டுமென்றே பந்தை விடுகிறார்.

நான்கு நாள் கழித்து அக்கா என்னைத் தன் மேசைக்குக் கூப்பிட்டார். குரலைத் தாழ்த்திக்கொண்டார். "நீர் என்ன எழுதினனீர்? மேலயிருந்து கேக்கினம்."

"உண்மையைத்தான் எழுதினனான், அக்கா."

"எழுதின ஆளின்ர பேரையும் கேக்கினம். நான் குடுக்கேல்ல, கதிரை இலக்கத்தைத்தான் குடுத்தனான். இப்ப அவைக்குப் பட்டியல் வேணுமாம். எந்த ஆட்டம், எத்தனையாவது நிமிசம், என்ன விட்டவர் எண்டு எல்லாம்." பிறகு கேட்டார். "உமக்கு வடிவாத் தெரியுமோ? ஆளின்ர வாழ்க்கை."

"தெரியும்," என்றேன்.

பட்டியல் செய்ய ஒரு கிழமை எடுத்தது. அந்த ஒரு கிழமையும் நான் எவ்வளவு உற்சாகமாக இருந்தேன் என்பதை நினைக்க இப்போது வெட்கமாயிருக்கிறது. கண்டுபிடிக்கிறவளாக இருப்பது ஒரு சுகம். நிமிடம், வினாடி, விடப்பட்ட பந்து, கடந்து போன ஆள். இரண்டு பருவங்கள் முழுவதையும் அரித்தெடுத்தேன். மூன்று தாள்கள் வந்தன. வெள்ளிக்கிழமை பின்னேரம் அனுப்பிவிட்டு, பஸ்ஸில் யன்னலோரம் இருந்து வீட்டுக்கு வந்தேன்.

ஞாயிறு காலை கிணற்றடியில் உடுப்புத் தோய்த்துக்கொண்டிருந்தேன். மாமி முற்றத்தில் பிளாஸ்டிக் கதிரையில் இருந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். படலை அவருக்கு வலது பக்கம், பத்தடி தள்ளி. யாரோ அதைச் சாத்தாமல் போய்விட்டார்கள். நான் உடுப்பைப் பிழிந்துகொண்டு நிமிர்ந்தபோது ஒரு சிவலைப் பசு உள்ளே வந்து, மாமிக்குப் பக்கத்தில் நின்று, என் பயற்றங்கொடியை அடியோடு இழுத்துத் தின்றுகொண்டிருந்தது. அதன் வால் மாமியின் கதிரையில் படுகிற அளவு கிட்ட. மாமி அமைதியாக வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்.

"மாமி! மாடு!" என்று கத்தினேன்.

அவர் துள்ளி எழும்பினார். வெங்காயச் சுளகு கவிழ்ந்தது. மாடு மிரண்டு ஓடியது.

அடக்கி வைத்திருந்ததெல்லாம் எனக்கு வந்துவிட்டது. "பக்கத்தில நிண்டு தின்னுது, பாத்துக்கொண்டு இருக்கிறியள். நான் நட்டது எண்டதாலயோ?"

மாமி குனிந்து வெங்காயத்தைப் பொறுக்கினார். அவர் கை இடது பக்கம் சிதறியதை எல்லாம் எடுத்தது. வலது பக்கம், அவருடைய காலடியிலேயே கிடந்த நாலு வெங்காயத்தை விட்டுவிட்டு நிமிர்ந்தது.

நான் ஈரக்கையோடு அப்படியே நின்றேன். பிறகு சத்தமில்லாமல் சுற்றிப் போய் அவருடைய வலது பக்கத்தில் நின்றேன். அவர் திரும்பவில்லை. கையை மெல்ல அவர் காதுவரை கொண்டுபோனேன். கன்னம்வரை கொண்டுபோனேன். மூக்குக்குக் கிட்ட வந்தபோதுதான் முகத்தைப் பின்னுக்கு இழுத்தார்.

"மாமி, இந்தக் கண் தெரியேல்லையோ?"

அவர் சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தார். "ரெண்டு வரியமா மங்கிக்கொண்டு வந்தது, பிள்ளை. இப்ப அந்தப் பக்கம் ஒண்டுமில்லை."

"ஏன் சொல்லேல்லை?"

"சொல்லி? என்னைப் பாக்க ஆள் வேணுமெண்டு அவன் உன்னை வேலையால மறிப்பான். நீ காலமை வெளிக்கிட்டுப் போற வடிவு எனக்குப் பிடிக்கும்."

நான் அவருக்குப் பக்கத்தில் நிலத்தில் குந்திவிட்டேன். அந்தரத்தில் நின்ற என் கைகள், பதில் கிடைக்காத என் சிரிப்புகள் எல்லாம் எந்தப் பக்கத்தில் நடந்தன என்று எண்ணிப் பார்த்தேன். பஸ்ஸுக்கு ஓடும்போது நான் எப்போதும் தேநீரோடு குசினி வாசலால் வந்து அவருடைய வலப்பக்கத்தால்தான் போவேன்.

அந்த இடத்திலேயே எனக்கு மற்றதும் விளங்கத் தொடங்கியது.

திங்கட்கிழமை முதல் ஆளாக மாடியேறினேன். நான் அனுப்பிய மூன்று தாள்களையும் முன்னால் விரித்து வைத்துக்கொண்டு, ஒவ்வொரு நிமிடத்தையும் மறுபடி திறந்து பார்த்தேன். விட்ட பந்து ஒவ்வொன்றும் அவருடைய வலது பக்கத்தால் வந்தது. கடந்து போன ஆள் ஒவ்வொருவனும் வலப்பக்கத்தால் போனான். இடப்பக்கத்தால் வந்த ஒரு பந்தைக்கூட அவர் விட்டிருக்கவில்லை. தோளில் தட்டியபோது திடுக்கிட்டது எல்லாம் வலது தோள். போன பருவத்திலிருந்து அவர் இடது மூலைப் பக்கமே போகவில்லை. வலது மூலையில் நின்றால் ஆட்டம் முழுவதும் இடது கைப்பக்கம் இருக்கும். ஒற்றைக் கண்ணுக்குள் அடங்கும். பந்து வரும்வரை முகத்தைக் கொஞ்சம் வலதுக்குத் திருப்பி வைத்திருந்தார், இடது கண்ணை முன்னுக்குக் கொண்டுவர. மாமி வெங்காயம் உரிப்பதும் அப்படித்தான். இத்தனை மாதம் அவரை மட்டுமே பார்த்தவள் நான். அவர் எதைப் பார்க்கவில்லை என்பதைப் பார்க்கவில்லை.

கருத்துப் பெட்டியில் எழுதினேன்: முன்பு எழுதியது பிழை. அவருக்கு வலது கண் தெரியவில்லை என்று நினைக்கிறேன்.

இந்த முறை பதில் இரண்டே நாளில் வந்தது. ஊகங்களை எழுத வேண்டாம், தரப்பட்ட விசைகளை மட்டும் பயன்படுத்தவும்.

அடுத்த திங்கட்கிழமைப் பதிவில் அவர் இல்லை. அதற்கடுத்ததிலும் இல்லை. ஓரத்து வாங்குப் பலகையில் உட்கார்ந்திருக்கிறவர்களுக்குள்ளும் தேடினேன். அக்கா என்னைப் பார்க்கும்போதெல்லாம் நான் வேறு பக்கம் பார்த்தேன். பக்கத்துக் கதிரைக்காரர், "பாத்தீரோ, பிடிச்சிட்டாங்கள்," என்றார். அவரோடு அன்று முழுக்க நான் கதைக்கவில்லை.

இதற்கிடையில் நாங்கள் மாமியை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனோம். கண்ணுக்குள் அழுத்தம் ஏறி நரம்பு பட்டுப்போய்விட்டது, வலது கண் திரும்பாது, இடது கண்ணைக் காப்பாற்றலாம் என்று வைத்தியர் சொன்னார். காலையும் இரவும் மருந்து விட வேண்டும். மாமி எதிர்பார்த்தபடியே கணவர், "அப்ப இனி நீர் வேலைக்கு..." என்று தொடங்கினார்.

மாமி அவரை முடிக்க விடவில்லை. "என்ர கண்ணுக்கு மருந்து விட உனக்குக் கை இல்லையோ?"

அன்றிலிருந்து மருந்து விடுகிறவர் அவர்தான். முதல் வாரம் பாதி மருந்து கன்னத்தால் ஓடியது.

ஆறேழு வாரத்துக்குப் பிறகு அக்கா தன் போனை என் முன்னால் வைத்தார். லித்துவேனியச் செய்தியொன்றைப் போனே தமிழாக்கியிருந்தது, கோணல்மாணலான தமிழ். ஆனாலும் விளங்கியது. அவர் பந்தை வேண்டுமென்றே விடுகிறார் என்று யாரோ முறைப்பாடு செய்திருக்கிறார்கள். விசாரித்திருக்கிறார்கள். அவருடைய வங்கிக் கணக்கையும் போனையும்கூடப் பார்த்திருக்கிறார்கள். கடைசியில் அவரே வைத்தியரின் கடிதத்தைக் கொண்டுவந்து மேசையில் வைத்திருக்கிறார். வலது கண்ணின் விழித்திரை கிழிந்து இரண்டு வருடம். வருடாந்தப் பரிசோதனையில் எழுத்துப் பலகையை மனப்பாடம் செய்து சமாளித்திருக்கிறார். ஒற்றைக் கண்ணோடு ஆடியது தெரிந்தால் வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள் என்ற பயம். குற்றமில்லை என்று தீர்ந்தது. இனி ஆட முடியாது என்பதும் தீர்ந்தது.

"அந்த யாரோ நான்தானோ, அக்கா?"

"தெரியாது," என்றார் அக்கா. "ஆயிரம் பேர் பாக்கிற ஆட்டம். வேறை ஆரும் எழுதியிருக்கலாம்." பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு, "நீராவும் இருக்கலாம்," என்றார். அவர் பொய் சொல்லமாட்டார் என்று முதல் நாளே நான் கணித்தது சரிதான்.

பருவத்தின் கடைசி ஆட்டத்தில் அவருக்குப் பிரியாவிடை கொடுத்தார்கள். ஒரே ஒரு நிமிடம் ஆட விட்டார்கள். அவர் வலது மூலையில் போய் நின்றார். எதிரணிக்காரர் ஒருவரும் கிட்டப் போகவில்லை. பந்தை இடப்பக்கத்தால், மெதுவாக, குழந்தைக்குக் கொடுப்பதுபோல் கொடுத்தார்கள். எறிந்தார். வளையத்தில் பட்டு வெளியே போனது. மண்டபம் எழும்பி நின்று கைதட்டியது. 'விழவில்லை' என்ற விசையை நான் அழுத்தினேன். அவர் நின்ற இடத்திலேயே நின்று பந்து உருண்டு போவதைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒருவன் ஓடிவந்து கட்டிப்பிடித்தான், இடப்பக்கத்தால்.

அவர் போன பிறகும் எனக்கு அவருடைய இளமை மிச்சமிருந்தது. இன்னும் இரண்டு மாதம் பின்னாலே போனேன். பதினொன்று என்ற இலக்கம் மாறியது, தாடி மறைந்தது. கடைசியாக வந்தது, அதாவது முதலாவது ஆட்டம், ஒரு சின்ன மண்டபம். மெலிந்து நெடுத்த ஒருவன் கடைசி வாங்கில் துவாயைக் கழுத்தில் போட்டபடி, இரண்டு கண்ணாலும் பந்தையே பார்த்துக்கொண்டிருந்தான். அன்று அவனை இறக்கவேயில்லை. எனக்கு அழுத்த ஒரு விசையும் இருக்கவில்லை.

அடுத்த திங்கட்கிழமை அக்கா புதிய ஆளைத் தந்தார். செர்பியாக்காரி, இருபத்தாறு வயது, நல்ல வேகம். முதல் பதிவின் பாதியிலேயே, அவள் குதித்து இறங்கும்போது இடது காலை முழுதாக ஊன்றுவதில்லை என்று எனக்குப் பட்டது. காரணம் என்னவாயிருக்கும் என்று யோசித்துக்கொண்டு, பதிவைப் பின்னுக்கு ஓட்டினேன்.